போஸ்ட்மாஸ்டர் கையெழுத்துப் போட இடமில்லை

திருத்தணியில் போட்டோ ஸ்டூடியோ வைத்திருப்பவர்களுக்கென்று ஒரு தனிப் பிரச்னை உண்டு. மொட்டை.

மலைக்கு வரும் குழந்தைகளில் பாதிப் பேர் முடியை முருகனுக்குக் கொடுத்துவிட்டு, தலை நிறைய சந்தனத்தோடு, அழுது சிவந்த கண்ணோடு கேமரா முன்னால் உட்காருவார்கள். ம.பொ.சி. சாலையிலிருந்து பிரியும் ஒரு சந்தில் இருக்கிறது என் மாமாவின் ஸ்டூடியோ. அங்கே போட்டோக்களைச் சேமித்து வைக்கும் பெட்டிக்கு, முகத்தைப் பார்த்து ஆளைப் பிரிக்கும் வசதி இருக்கிறது. வாங்கிய வருடம் ஆடிக் கிருத்திகை முடிந்ததும், அது நூற்றுக்கணக்கான மொட்டைத் தலைகளை ஒரே குழந்தை என்று முடிவு செய்துவிட்டது. மாமா விடவில்லை. ராத்திரி கடையை மூடிய பிறகு ஒவ்வொரு மொட்டைக்கும் பெயர், அப்பா பெயர், ஊர், தேதி என்று உட்கார்ந்து டைப் செய்தார். கல்யாண ஆல்பங்களுக்கும் அப்படித்தான். ஒன்பது வருடமாக இதே வேலை.

அந்தப் பெட்டிக்கு நாஸ் என்று பெயர். கடையில் இருக்கும் எல்லா கம்ப்யூட்டர்களும் நெட்வொர்க் வழியாகப் பொதுவில் பயன்படுத்தும் ஹார்டு டிஸ்க் பெட்டி என்று வைத்துக்கொள்ளுங்கள். செருப்புப் பெட்டி அளவுதான் இருக்கும். உள்ளே இரண்டு டிஸ்க்குகள். ஒன்றில் எழுதுவது அப்படியே இன்னொன்றிலும் பதியும். 2015 டிசம்பர் மழையில், சென்னையில் நண்பர் ஒருவரின் ஸ்டூடியோவுக்குள் தண்ணீர் புகுந்து டிஸ்க்குகள் எல்லாம் வீணாய்ப் போனதைப் பார்த்துவிட்டு, 2016 தொடக்கத்தில் மாமா இதை வாங்கினார்.

இந்த ஆடியில் அந்தப் பெட்டி படுத்துக்கொண்டது.

நான் சென்னையில் டிஜிட்டல் டெஸ்க்கில் வேலை பார்க்கிறேன். எங்கள் ஷிஃப்டில் எனக்கு வார விடுமுறை வெள்ளிக்கிழமை. திருத்தணி மின்சார ரயிலைப் பிடித்து ஊருக்கு வந்தால், வீட்டுக்குப் போவதற்கு முன் ஸ்டூடியோவில் ஒரு டீ குடிப்பது வழக்கம். அன்று டீ வரவில்லை. மாமா பெட்டியின் பின்பக்கத்து ஒயரைப் பிடுங்கி, பத்து எண்ணி, திரும்பச் சொருகிக்கொண்டிருந்தார்.

"ஆறாவது தடவை பாப்பா. லைட்டு எல்லாம் பச்சையாத்தான் எரியுது. ஆல்பம் பக்கத்தைத் திறந்தா மட்டும் டேட்டாபேஸ் சர்வீஸ் இயங்கலைன்னு வருது."

புதன்கிழமை ராத்திரி கரன்ட் போயிருக்கிறது. யுபிஎஸ் பேட்டரி வயசானது. பெட்டி சட்டென்று அணைந்து, கரன்ட் வந்ததும் தானாக எழுந்திருக்கிறது. ஆனால் எழுந்தது பாதிதான். அரக்கோணத்திலிருந்து எப்போதும் வரும் சர்வீஸ்காரருக்குப் போன் போட்டால், அவர் வேறு ஊரில் இருந்தார். "ஒண்ணும் இல்ல சார், ரீசெட் அடிச்சிடுங்க, புதுசா இன்ஸ்டால் ஆயிடும். போட்டோ எதுவும் போகாது" என்று சொல்லிவிட்டு வைத்துவிட்டார்.

போட்டோ போகாது என்பது உண்மைதான். நெட்வொர்க் ஃபோல்டரைத் திறந்து பார்த்தோம். எல்லாப் படங்களும் இருந்தன, லட்சக்கணக்கில். ஆனால் எல்லாவற்றுக்கும் கேமரா கொடுத்த எண்தான் பெயர். எந்த எண்ணில் யார் கல்யாணம், எந்த எண்ணில் எந்த ஊர் மொட்டை என்று சொல்வது டேட்டாபேஸ். ரீசெட் அடித்தால் படங்கள் தங்கும், பெயர்கள் போய்விடும். ஒன்பது வருட ராத்திரிகள் போய்விடும். மாமா ரீசெட் பட்டன் பக்கம் கையைக் கொண்டுபோகாததற்கு இது ஒரு காரணம்.

இன்னொரு காரணம் கடை வாசலில் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தார்.

நகரியிலிருந்து வந்திருந்த ஒரு அக்கா. 1960 ஏப்ரல் 1 முதல் திருத்தணி தமிழ்நாட்டில், நகரியும் புத்தூரும் ஆந்திராவில். கோடு அங்கே விழுந்தது. ஆனால் கல்யாணங்கள் கோட்டைப் பார்த்து நடப்பதில்லை. அந்தப் பக்கத்து ஜனங்கள் இன்றும் மலையில் தாலி கட்டிவிட்டு, கீழே வந்து மாமா மாதிரி ஆட்களிடம்தான் ஆல்பம் போடுகிறார்கள். இந்த அக்காவின் தங்கை கல்யாணமும் அப்படி நடந்ததுதான். அப்பா போன வாரம் இறந்துவிட்டார். பவர்லூம் ஓட்டியவர். தனியாக ஒரு நல்ல போட்டோ கிடையாது. ஆதார் அட்டைப் படம்தான் இருக்கிறது. அதைப் பெரிதாக்கினால் எப்படி இருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

"ஞாயித்துக்கிழமை காரியம் அண்ணா. எங்க நைனா அந்தக் கல்யாணத்துல புதுச் சட்டை போட்டு நின்னாரு. அது ஒண்ணு போதும்" என்றார். எந்த வருடம் என்று கேட்டால், "ஆவணி மாசம், மழை பெஞ்சது" என்று பதில் வந்தது. ஆல்பம் தங்கை வீட்டில். தங்கை வீடு சூரத்தில்.

எனக்கு கம்ப்யூட்டர் வேலை தெரியாது. ஜர்னலிசம் டிப்ளமோவில் டேட்டாபேஸைப் பழுதுபார்க்கச் சொல்லித் தருவதில்லை. ஆனால் ஆபீஸில் சர்வர் தொங்கும்போதெல்லாம் நாங்கள் கூப்பிடும் சிஸ்டம் அட்மின் அக்காவின் நம்பர் இருந்தது. போட்டேன். அவர் கேட்ட முதல் கேள்வி, "இதுவரைக்கும் எதையாவது அழிச்சீங்களா?"

இல்லை என்றேன்.

"நல்லது. இனிமே ஆஃப் பண்ணி ஆன் பண்றதையும் நிறுத்துங்க. ஏன் எழுந்திருக்க மாட்டேங்குதுன்னு அதுவே எங்கேயோ எழுதி வெச்சிருக்கும். முதல்ல அதைப் படிப்போம்."

இந்த ஒரு வாக்கியத்தை நான் ரொம்ப நேரம் யோசித்துக்கொண்டிருந்தேன். வீட்டில் டிவி பாக்ஸ், மோடம், மிக்ஸி எது நின்றாலும் நாம் செய்வது ஒன்றுதான்: அணைத்துப் போடுவது. பல நேரம் வேலை செய்துவிடுவதால், அதுதான் வைத்தியம் என்று நம்பிவிட்டோம். ஏன் நின்றது என்று யாரும் கேட்பதில்லை. மாமா ஆறு முறை கேட்காமல் விட்ட கேள்வி அது.

மாமாவின் 2016 டைரியில் அட்மின் பாஸ்வேர்டு இருந்தது. பெட்டியின் செட்டிங்ஸில் டெர்மினல் வழியாக உள்ளே போகும் வசதியைத் திறந்தோம். அக்கா வாட்ஸ்அப்பில் ஒவ்வொரு கட்டளையாக அனுப்ப, நான் கறுப்புத் திரையில் எழுத்துப் பிசகாமல் டைப் செய்து, வந்ததைப் படமெடுத்து அவருக்கு அனுப்பினேன். டிஸ்க்குகளுக்கு நோய் எதுவும் இல்லை. அடுத்து எங்கெங்கே எவ்வளவு இடம் பாக்கி என்று காட்டும் கட்டளை. அதில் ஒரு வரி 100% என்று நின்றது.

மாமாவுக்கு நம்பிக்கையில்லை. "நாலாயிரம் ஜிபி டிஸ்க்கு பாப்பா. பாதிகூட நிறையல."

அவர் சொன்னது பெரிய அறையைப் பற்றி. இந்த மாதிரிப் பெட்டிகளில் போட்டோக்களுக்கு ஒரு பெரிய பகுதியும், பெட்டி தன் சொந்த வேலைக்கு வைத்துக்கொள்ளும் சின்னப் பகுதி ஒன்றும் இருக்கும். மாமாவின் பெட்டியில் அந்தச் சின்னப் பகுதி இரண்டரை ஜிபிகூட இல்லை. இயங்குதளம், டேட்டாபேஸ், லாக் எனப்படும் தினசரிக் குறிப்புகள் எல்லாம் அதற்குள்தான். கல்யாண மண்டபம் காலியாகக் கிடக்க, சமையல்கட்டில் நிற்க இடமில்லாத கதை.

பிறகு டேட்டாபேஸ் எழுதி வைத்திருந்த குறிப்பைத் திறந்தோம். அதன் பெயர் போஸ்ட்கிரெஸ்க்யூஎல். அமெரிக்காவில் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் 1986-ல் மைக்கேல் ஸ்டோன்பிரேக்கர் தலைமையில் ஆரம்பித்த ஆராய்ச்சியிலிருந்து வளர்ந்த மென்பொருள். யார் வேண்டுமானாலும் இலவசமாகப் பயன்படுத்தலாம் என்பதால், பெரிய கம்பெனிகளின் சர்வர் முதல் இந்த மாதிரிச் சின்னப் பெட்டிகள் வரை உட்கார்ந்திருக்கிறது. அதில் எல்லா வேலைக்கும் தலைமை தாங்கும் புரோகிராமுக்கு ஆதிநாளிலிருந்து ஒரு பெயர் உண்டு. போஸ்ட்மாஸ்டர்!

போஸ்ட்மாஸ்டர் வேலைக்கு வந்ததும் முதல் காரியமாக ஒரு சின்னக் கோப்பில் தன் எண்ணையும் வந்த நேரத்தையும் எழுதுவார். 'நான் வந்துவிட்டேன், இன்னொரு போஸ்ட்மாஸ்டர் உள்ளே வர வேண்டாம்' என்று அதற்கு அர்த்தம். இரண்டு பேர் ஒரே கணக்கில் கை வைத்தால் கணக்கு நாறிவிடும் என்பதற்கான ஏற்பாடு. எங்கள் பெட்டியில் அந்தக் கோப்பை எழுத இடமில்லை, டிஸ்க்கில் இடம் தீர்ந்துவிட்டது என்று ஒரே வரியில் எழுதியிருந்தது. அவ்வளவுதான். வருகைப் பதிவேட்டில் கையெழுத்துப் போட இடமில்லாததால் போஸ்ட்மாஸ்டர் ஆறு முறையும் திரும்பிப் போய்விட்டார்.

இடம் எப்படித் தீர்ந்தது? அதையும் அக்காவே தேடச் சொன்னார். ஒரே ஒரு லாக் கோப்பு அரை ஜிபிக்குப் பக்கமாக வீங்கிக் கிடந்தது. திறந்தால் முதலிலிருந்து கடைசி வரை ஒரே புலம்பல்: 'தவறான பாஸ்வேர்டு, தவறான பாஸ்வேர்டு.' ஐந்து நொடிக்கு ஒரு வரி. எங்கிருந்து என்று பார்த்தால், கடை வாசலில் மாட்டியிருக்கும் கண்காணிப்பு கேமரா. அது தன் வீடியோவை இந்தப் பெட்டியில்தான் சேமித்து வந்திருக்கிறது. கடையில் வேலை பார்த்த பையன் பொங்கல் சமயத்தில் நின்றதும், மாமா பாதுகாப்புக்காகப் பாஸ்வேர்டை மாற்றியிருக்கிறார். கேமராவுக்கு யாரும் சொல்லவில்லை. அது பாவம், தையிலிருந்து ஆடி வரைக்கும் பழைய பாஸ்வேர்டை வைத்துக்கொண்டு கதவைத் தட்டிக்கொண்டே இருந்திருக்கிறது. ஐந்து நொடிக்கு ஒன்று என்றால் நாளைக்கு 17,280 தட்டல்கள். ஒரு வரி 150 எழுத்து என்று வைத்தாலும் தினம் இரண்டரை எம்பி. இருநூறு நாளில் 500 எம்பி. கணக்கு சரியாக வந்தது.

அதைவிட, ஏழு மாதமாக அந்தக் கேமரா எதையுமே பதிவு செய்யவில்லை என்பதும் அப்போதுதான் தெரிந்தது. மாமா வாசலுக்குப் போய் கேமராவை ஒரு முறை நிமிர்ந்து பார்த்துவிட்டு வந்தார்.

இந்த இடத்தில்தான் கொஞ்சம் ஆபத்து வந்தது. காரணம் தெரிந்த உற்சாகத்தில் மாமா, "லாக்தானே? லாக்னு பேர் இருக்கிறதை எல்லாம் தூக்கிடு" என்றார். திரையில் டேட்டாபேஸின் ஃபோல்டருக்குள்ளேயே 'எக்ஸ்லாக்' என்று முடியும் ஒரு பெயர் தெரிந்தது. நல்ல கனமாகவும் இருந்தது. நான் அதைப் படமெடுத்து அனுப்பியதும் அக்கா மெசேஜ் போடாமல் நேராகக் கூப்பிட்டார்.

"அதைத் தொடாத! பேர்லதான் லாக். அது அதோட உயிர்."

விளக்கம் கேட்டபோது, எனக்கு முன்னால் மாமாவுக்குப் புரிந்துவிட்டது. என் தாத்தா, அதாவது மாமாவின் அப்பா, மளிகை மண்டியில் கணக்கு எழுதியவர். அன்றன்றைய வரவு செலவை வந்த வரிசையில் சிட்டையில் எழுதுவார். ராத்திரி உட்கார்ந்து, சிட்டையைப் பார்த்து ஆள்வாரியாகப் பேரேட்டில் ஏற்றுவார். டேட்டாபேஸும் அதையேதான் செய்கிறது. எந்த மாற்றம் வந்தாலும் முதலில் சிட்டையில் ஒரு வரி. பிறகு நேரம் கிடைக்கும்போது பேரேட்டில். நடுவில் கரன்ட் போனால், திரும்ப எழுந்ததும் சிட்டையை எடுத்து, எதெல்லாம் பேரேட்டில் ஏறவில்லையோ அதை ஏற்றிவிட்டுத்தான் கடையைத் திறக்கும். அந்த 'எக்ஸ்லாக்' ஃபோல்டர்தான் சிட்டை.

"அப்போ சிட்டையைக் கிழிச்சிட்டா பேரேடு பாதியில நிக்கும்" என்றார் மாமா. அதற்கு மேல் அவருக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

இந்தப் பெயரால் ஏமாந்தவர்கள் உலகம் முழுக்க இருக்கிறார்கள். டிஸ்க் நிறைந்த பதற்றத்தில், லாக் என்றால் குப்பைதானே என்று அதை அழித்து, டேட்டாபேஸையே கெடுத்துக்கொண்டவர்கள் ஏராளம். அதனாலேயே போஸ்ட்கிரெஸ்க்யூஎல் தயாரிப்பாளர்கள் 2017 அக்டோபரில் வந்த 10-ம் பதிப்பில் அந்த ஃபோல்டரின் பெயரையே மாற்றி, லாக் என்ற சொல்லை எடுத்துவிட்டார்கள். மாமாவின் பெட்டியில் இருப்பது அதற்கும் முந்தைய பதிப்பு. ஒரு மென்பொருளில் பெயரை மாற்றுவது லேசான காரியமில்லை, அதை நம்பி எழுதிய மற்ற புரோகிராம்கள் எல்லாம் இடறும். அதையும் மீறி மாற்றினார்கள். 'படிக்காமல் அழித்தது உன் தப்பு' என்று சொல்லிவிட்டுப் போயிருக்கலாம். சொல்லவில்லை. எனக்கு இந்த விஷயத்தில் அவர்களை ரொம்பப் பிடித்துப்போனது.

பிறகு அக்கா சொன்ன வரிசைப்படி செய்தோம். முதலில் டேட்டாபேஸ் ஃபோல்டரை அப்படியே, சிட்டை பேரேடு எல்லாம் சேர்த்து, பெரிய அறைக்கு ஒரு நகல். "ரிப்பேர் பண்றதுக்கு முன்னாடி, உடைஞ்ச நிலையிலேயே ஒரு காப்பி. நாம ஏதாவது சொதப்பினா இந்த இடத்துக்காவது திரும்பி வரலாம்." அடுத்து கேமராவின் ஒயரைப் பிடுங்கினோம். வீங்கிய லாக் கோப்பை அழிக்காமல், உள்ளே இருப்பதை மட்டும் காலி செய்தோம். ஒரு புரோகிராம் திறந்து வைத்திருக்கும் கோப்பை அழித்தால், பெயர் மறைந்தாலும் அந்தப் புரோகிராம் விடும்வரை இடம் திரும்பக் கிடைக்காதாம். 100% என்றிருந்தது 80%க்குக் கீழே வந்தது.

"இப்ப சர்வீஸை ஸ்டார்ட் பண்ணு."

என்டர் தட்டினேன். குறிப்பில் புதிதாக வரிகள் வந்தன. கடைசியாக முறைப்படி மூடப்படவில்லை, மீட்பு வேலை தானாக நடக்கிறது என்று ஒன்று. அது சிட்டையைப் படிக்கும் நேரம். சில நொடிகள்தான், ஆனால் மாமா என் தோளைப் பிடித்திருந்த பிடியில் அது நீளமாக இருந்தது. பிறகு, இணைப்புகளை ஏற்கத் தயார் என்ற வரி.

ஆல்பம் பக்கம் திறந்தது. தேடலில் 'நகரி' என்றும் 'ஆவணி' என்றும் கொடுத்ததும், 2018-ன் கல்யாணம் ஒன்று வந்தது. வாசலிலிருந்த அக்காவைக் கூப்பிட்டோம். முந்நூறு படங்களுக்கு மேல். நான்கு படங்களில் அவர் அப்பா இருந்தார். மூன்றில் ஓரத்தில், யாரோ ஒருவரின் தோளுக்குப் பின்னால். நான்காவதில் நீலச் சட்டையில் நேராக நிற்கிறார், இடுப்பில் ஒரு பையன்.

"அது என் மகன்" என்றார் அந்த அக்கா. கொஞ்ச நேரம் எதுவும் பேசவில்லை.

காரியத்துக்கு வைக்கும் படத்தில் பேரன் இருக்கக் கூடாது. மாமா பையனை எடுத்துவிட்டு, பின்னால் வழக்கமான நீலத் திரையைப் போட்டு, பன்னிரண்டுக்குப் பதினைந்தில் பிரின்ட் எடுத்தார். பேரனைத் தாங்கியிருந்ததால் தோள் ஒருபக்கம் லேசாகச் சாய்ந்திருந்தது. அதை நேராக்கவா என்று கேட்டார். வேண்டாம் என்றார் அந்த அக்கா. வெட்டாத படத்தை வாட்ஸ்அப்பில் வாங்கிக்கொண்டு, பஸ்ஸுக்கு நேரமாகிவிட்டது என்று கிளம்பினார்.

அவர் போன பிறகு அட்மின் அக்கா கேட்ட கேள்விதான் மாமாவை உட்கார வைத்தது. "பேக்கப் எங்கே இருக்கு?" மாமா பெட்டியைக் காட்டி, "ரெண்டு டிஸ்க்கு இருக்கே" என்றார். அது பேக்கப் இல்லையாம். ஒரு டிஸ்க் செத்தால் இன்னொன்று காப்பாற்றும், உண்மை. ஆனால் தவறுதலாக ஒன்றை அழித்தால், அதே நொடியில் இரண்டாவதிலும் அழியும். கண்ணாடி முன்னால் நின்று சட்டையைக் கழற்றினால் பிம்பம் மட்டும் சட்டையோடு நிற்குமா என்று கேட்டார்.

அன்று ராத்திரி அவர் அனுப்பிய ஒரு சம்பவத்தைப் படித்தேன். கிட்லேப் என்பது உலகம் முழுக்க மென்பொருள் எழுதுபவர்கள் தங்கள் வேலையைச் சேமித்து வைக்கும் நிறுவனம். 2017 ஜனவரி 31 இரவு, போஸ்ட்கிரெஸ்க்யூஎல் டேட்டாபேஸில் ஒரு கோளாறைச் சரிசெய்ய நெடுநேரம் போராடிய ஊழியர், காலியாக இருக்க வேண்டிய சர்வர் என்று நினைத்து, உயிரோடு இருந்த சர்வரின் டேட்டாபேஸ் ஃபோல்டரை அழிக்கக் கட்டளை கொடுத்துவிட்டார். ஓரிரு நொடியில் உணர்ந்து நிறுத்தியும், சுமார் 300 ஜிபியில் மிஞ்சியது 4.5 ஜிபி. பேக்கப் எடுக்க ஐந்து வழிகள் வைத்திருந்தார்கள். தேடிப் போனால் ஒன்றும் உருப்படியாக இல்லை. தினசரி நகல் எடுக்கும் புரோகிராம் பழைய பதிப்பாக இருந்ததால் தினமும் தோற்றுக்கொண்டிருந்தது. தோற்றதைச் சொல்லும் மின்னஞ்சல்களும் போய்ச் சேராமல் திருப்பப்பட்டிருந்தன. வேறு ஒரு வேலைக்காக அதே ஊழியர் ஆறு மணி நேரம் முன்பு தற்செயலாக எடுத்து வைத்திருந்த நகல்தான் காப்பாற்றியது. அந்த ஆறு மணி நேரத்தில் சேர்ந்தவை போனது போனதுதான். நிறுவனம் எதையும் மறைக்கவில்லை. மீட்பு வேலையை யூடியூபில் நேரலையாகவே காட்டினார்கள்.

இதை மாமாவிடம் சொன்னபோது அவர் பிடித்துக்கொண்டது ஒரே விஷயத்தை. "தினமும் பேக்கப் எடுத்தான். ஆனா ஒரு நாளும் அதைத் திறந்து பார்க்கல."

சனிக்கிழமை காலையில் ஒரு வெளி ஹார்டு டிஸ்க் வாங்கினார். வாராவாரம் டேட்டாபேஸின் நகல் அதில் ஏற வேண்டும், ஏறியதும் டிஸ்க் வீட்டுக்குப் போய்விட வேண்டும் என்று ஏற்பாடு. யுபிஎஸ் பேட்டரி மாற்றியாயிற்று. பெட்டியில் எந்தப் பகுதியாவது 80% தாண்டினால் அவர் போனுக்கு அறிவிப்பு வரும். கேமராவுக்குப் புது பாஸ்வேர்டு கொடுத்துவிட்டார்.

அடுத்த வாரம் நான் டெஸ்க்கில் இருந்தபோது மாமாவிடமிருந்து ஒரு வாய்ஸ் மெசேஜ். அட்மின் அக்கா சொன்னபடி பழைய லேப்டாப் ஒன்றில் அந்த நகலைத் திறந்து பார்த்திருக்கிறார். நாற்பது நிமிஷம் ஆனதாம். குரலில் அவ்வளவு திருப்தி.

"பாப்பா, மொட்டைங்க எல்லாம் பேரோட வந்துட்டாங்க."